மாடத்தியின் நாற்பத்து மூன்று

எதையாவது மறைத்துவைக்கிற ஆட்களைச் சிவமலைக்குப் பிடிக்காது. அவன் பிழைப்பே அவர்களை வைத்துத்தான் ஓடியது என்பது வேறு விஷயம். திருப்பூரில் ஒரு சாயக் கெமிக்கல் கடைக்கு மேலே ஒற்றை அறையில் உட்கார்ந்துகொண்டு, இணையத்தில் பேசியும் பாடியும் சமைத்தும் சம்பாதிக்கிறவர்களுக்கு உண்மையில் எத்தனை பேர் மாதச் சந்தா கட்டுகிறார்கள் என்று கணித்துச் சொல்வான். அந்த எண்ணைத் தளங்கள் யாருக்கும் காட்டுவதில்லை, அதனாலேயே அதற்குக் கிராக்கி. பெண் கொடுக்கப்போகிறவர்கள் கேட்டார்கள், விளம்பரக்காரர்கள் கேட்டார்கள், பங்காளிகள் வயிற்றெரிச்சலில் கேட்டார்கள். 'துலா' என்று அவன் பெயர் வைத்திருந்த நிரல், வெளியே சிந்திக் கிடக்கும் துப்புகளையெல்லாம் பொறுக்கிக் கூட்டி ஓர் எண்ணைக் கக்கும். ஆறு வருடத்தில் நூற்றுக்கு ஏழுக்கு மேல் அது பிசகியதே இல்லை. அதைக் கதவிலேயே எழுதி ஒட்டியிருந்தான்.

குரல் சட்டம் வந்து அப்போது நான்கு வருடம் ஆகியிருந்தது. தொழிற்சங்கங்களெல்லாம் வெறும் பெயர்ப்பலகையாக நின்றுபோன காலம். சந்தா கட்டிச் சங்கத்தில் சேர ஆள் இல்லை. ஆனால் கைபேசியில் பிடித்தவர் பேச்சைக் கேட்கச் சந்தா கட்ட ஆள் இருந்தது. அரசு அதையே எடுத்துச் சட்டமாக்கிவிட்டது. ஒரு கம்பெனியின் சம்பளப் பட்டியலில் இருப்பவர்களில் பத்தில் ஒருவர், கடந்த பன்னிரண்டு மாதத்தில் ஒரு மாதமாவது ஒரே குரலுக்குச் சந்தா கட்டியிருந்தால் போதும், அந்தக் குரல் எல்லோருக்காகவும் பேசலாம். நிர்வாகம் எதிரில் உட்கார்ந்து கேட்டாக வேண்டும். மனு போட்டால் தொழிலாளர் அலுவலகம் தளத்திடமிருந்து எண்ணை மட்டும் வாங்கித் திறக்கும். பெயர்கள் வெளியே வராது. எண் குறைந்துவிட்டால்தான் வில்லங்கம். மூன்று வருடத்துக்கு அந்தக் குரல் அந்தக் கம்பெனியின் பெயரைக்கூட உச்சரிக்கக் கூடாது.

மாடத்தி அப்படி ஒரு குரல். நாங்குநேரிப் பக்கத்திலிருந்து பனியன் கம்பெனிக்கு வந்து, ஏழு வருடம் செக்கிங்கில் நின்று, ஒரு நாள் மேற்பார்வையாளன் முகத்துக்கு நேரே கைப்பட்டையைக் கழற்றி வீசிவிட்டு வெளியேறியவள். கைப்பட்டை என்பது ஒவ்வொரு தையல்காரியின் மணிக்கட்டிலும் கம்பெனி மாட்டியிருந்த சனியன். கை பதினோரு விநாடி சும்மா இருந்தால் சுருக்கென்று அதிரும். கழிப்பறையிலும் அதிரும். மணிக்கட்டுகள் புண்ணாகியிருந்தன. மாடத்தி வெளியே வந்து பேச ஆரம்பித்தாள். பொதுவில் பேசியது கொஞ்சம், சந்தா கட்டியவர்களுக்கு மட்டும் பேசியது அதிகம். கம்பெனியில் நாலாயிரம் பேர். நானூறு பேர் அவள் பக்கம் என்று ஆகிவிட்டால் கைப்பட்டை போகும்.

இதற்காகத்தான் தெய்வசிகாமணி மாடிப்படி ஏறி வந்தார். கம்பெனியின் மனிதவளப் பிரிவு மேலாளர். ஐம்பது வயது, வெள்ளைச் சட்டை, யாரையும் முழுதாக நம்பாத கண். நாற்காலியைக் கைக்குட்டையால் தட்டிவிட்டு உட்கார்ந்தார்.

"அவளுக்கு நானூறு இருக்குதா, இல்லைங்களா தம்பி? எனக்கு அது மட்டும் தெரிஞ்சாப் போதும். இது சரியா வந்துச்சுன்னா, சுத்தியிருக்கற முப்பது கம்பெனிக்கும் இனி நீங்கதான்."

முப்பது கம்பெனி என்றதும் சிவமலைக்கு வாயெல்லாம் பல். கெமிக்கல் நெடி வராத ஓர் அலுவலகம், ஏசி, வாசலில் ஒரு ஆள் என்று அவன் மனசு அங்கேயே கட்டிடம் கட்ட ஆரம்பித்துவிட்டது. மாடத்தியை அவன் அதற்கு முன்பே இரண்டு முறை பார்த்திருந்தான், திரையில்தான். அந்தக் கட்டைக் குரலும், எல்லாம் தெரிந்த மாதிரியான பேச்சும் அவனுக்கு எரிச்சலூட்டின. இவளுக்கெல்லாம் யார் சந்தா கட்டுவார்கள் என்று நினைத்துக்கொண்டேதான் துலாவை ஓடவிட்டான்.

நான்கு நாளில் எண் வந்தது. அதைத் தெய்வசிகாமணியிடம் விளக்கும்போது சிவமலைக்கு ஒரே உற்சாகம். சந்தாதாரர்களுக்கு அவள் மாதாமாதம் ஒரு வாக்கெடுப்பு வைக்கிறாள். ஓட்டுப் போடத்தான் முடியாதே தவிர, முடிவை யாரும் பார்க்கலாம். இருபத்தேழு புள்ளி ஒன்பது, முப்பத்து நான்கு புள்ளி ஒன்பது, முப்பத்து ஏழு புள்ளி இரண்டு. இந்த மூன்று சதவீதமும் ஒன்றாகப் பொருந்த வேண்டுமானால் ஓட்டுப் போட்டவர்கள் குறைந்தது நாற்பத்து மூன்று பேர். பன்னிரண்டு, பதினைந்து, பதினாறு ஓட்டுகள். மறு மாதமும் நாற்பத்து மூன்று. அதற்கு மறு மாதமும். கருத்துப் பகுதியில் எழுதுகிற புனைபெயர்களை எண்ணினாலும் அதே நாற்பத்து மூன்று: 'காஜா 4', 'ஓவர்லாக் 19', 'பட்டன் 31' இப்படி.

மேலாளர் ஒரு சந்தேகம் கேட்டார். வருடத்தில் ஒரு மாதம் கட்டினாலும் சட்டத்தில் கணக்காயிற்றே, வந்து போனவர்கள் எத்தனை பேரோ என்றார். விவரமான கேள்விதான். சிவமலை சிரித்தான்.

"பேருக்குப் பக்கத்துல ஒரு எலை இருக்குது பாருங்க. புதுசாச் சேர்ந்தா பச்சை, ஒரு மாசம் தாண்டினா காவி. இவகிட்டக் காவி எலையே கெடையாதுங்க, எல்லாம் பச்சை. ஆனா பேரு மட்டும் மாறவே இல்லை. என்ன அர்த்தம்? அதே ஆளுங்க மாசாமாசம் வெட்டிட்டு, மறுபடி சேர்றாங்க. பாதிப் பேரு இப்படித்தானுங்க. பிடிச்சாப் பாக்கறது, இல்லாட்டிப் போறது. ஒருத்தியும் இவகிட்ட ஒரு மாசத்துக்கு மேல தொடர்ந்து தங்கறதில்லை."

அறிக்கையிலும் அப்படியே எழுதினான். சந்தாதாரர் நாற்பத்து மூன்று. ஆண்டு முழுதும் அதே ஆட்கள். பிழை அதிகபட்சம் நூற்றுக்கு ஏழு. கீழே கையெழுத்து.

கம்பெனி அந்த எண்ணைப் பூட்டி வைத்துக்கொள்ளும் என்று அவன் நினைத்திருந்தான். அவர்களோ அதை வாசலில் ஏற்றினார்கள். தினம் எத்தனை பீஸ் தைத்தாயிற்று என்று ஓடுகிற மின்பலகையில், மாடத்தியின் பெயரும் பக்கத்தில் 43 / 4000 என்றும் ஓடியது. அவளுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்து மனுப் போட்டால், எண் குறைந்து மூன்று வருடம் வாயடைத்துவிடலாம் என்பது கணக்கு. உள்ளே அந்த எண் வசவாகிவிட்டது. தையல் கோணினால் 'நாப்பத்து மூணா நீ' என்றான் மேற்பார்வையாளன். கம்பெனி விடுதியில் வார்டன் கைபேசிகளைப் பிடுங்கிப் பார்த்தாள். சந்தேகத்தில் மூன்று பெண்களைக் கணக்கு முடித்து ஊருக்கு பஸ் ஏற்றிவிட்டார்கள்.

ஐந்தாம் நாள் மதியம், சாப்பாட்டு டப்பாவைத் திறந்த நேரத்தில் மாடத்தி அவன் அறைக்கு வந்தாள். திரையில் பார்த்ததைவிடக் குட்டை. உட்காரச் சொன்னான், உட்காரவில்லை.

"நாப்பத்து மூணுன்னு எழுதினது நீங்கதானா அண்ணாச்சி?"

கணக்குப் போட்டது துலா, தான் கையெழுத்து மட்டும் போட்டதாகச் சொன்னான்.

"அந்தக் கையெழுத்துல மூணு பிள்ளையள வீட்டுக்கு அனுப்பிட்டாவ. அதுல ஒருத்தி என் மூஞ்சியவே பாத்தது கெடையாது."

"எத்தனை பேருன்னு மட்டும்தானுங்க நான் சொல்றேன். யாருன்னு சொல்றது என்ற வேலை இல்லை."

"எத்தனைன்னு சொல்லிட்டா, அவன் யாருன்னு தேடாம சும்மா இருப்பானா? தீப்பெட்டி குடுத்தேன், பத்தவைக்கச் சொல்லலைங்குத மாதிரில்லா இருக்கு."

சிவமலைக்குச் சோறு இறங்கவில்லை, கோபம்தான் ஏறியது. தன் தொழிலைத் தன் அறையிலேயே வந்து ஒருத்தி கேவலப்படுத்துவதை அவனால் தாங்க முடியவில்லை. அவளை ஒரு வார்த்தையில் வீழ்த்த வேண்டும் போலிருந்தது. கணினித் திரையை அவள் பக்கம் திருப்பி, வாக்கெடுப்பு, சதவீதம், புனைபெயர், பச்சை இலை எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் காட்டினான். கடைசியில், உங்களிடம் ஒரு மாதத்துக்கு மேல் ஒரு ஆள் தங்கியதில்லை, இதில் ஊருக்காகப் பேசக் கிளம்பிவிட்டீர்கள் என்றான்.

அவள் முகம் மாறியது.

"இத அவங்ககிட்டயும் சொல்லிட்டீயளா? அதே ஆளுதான் வெட்டிட்டு வெட்டிட்டுச் சேருதாவன்னு?"

"எழுத்துலயே குடுத்துட்டனுங்க."

"சரி."

வாசல்வரை போனவள் திரும்பினாள். "அந்த மூணு பிள்ளையளோட பேரு எனக்குத் தெரியும். உங்களுக்குத் தெரியாது. அத நான் மறக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனாள். அவள் உடைந்துவிட்டாள் என்று சிவமலை நினைத்தான். சோறு அதற்குப் பிறகு நன்றாகவே இறங்கியது.

மறுநாள் காலை அவள் மனுப் போட்டுவிட்டாள். அடுத்த திங்கள் எண்ணைத் திறப்பதாக அலுவலகம் நாள் குறித்தது. தெய்வசிகாமணி மைசூர்பாகு ஒரு கிலோ கொடுத்தனுப்பினார். முதலாளியே அவனைப் பார்க்க விரும்புவதாகவும் சொல்லியனுப்பினார்.

மைசூர்பாகு வாயில் இருக்கும்போதே சிவமலைக்கு ஒரு நெருடல் தட்டியது. ரோஷத்தில் மனுப் போடுவாள் என்று கம்பெனி சொன்னது. ஆனால் தனக்கு எத்தனை பேர் என்று ஊருக்கெல்லாம் தெரியாவிட்டாலும் அவளுக்குத் தெரியுமே. நாற்பத்து மூன்றை வைத்துக்கொண்டு நானூறு என்று போய் நிற்க அவள் பைத்தியமா? அன்று அவன் அறையில் நின்றவளிடம் பைத்தியத்தின் சாயல் எதுவும் இல்லை. இன்னொன்றும் உறுத்தியது. மாதாமாதம் நாற்பத்து மூன்று பேரும் தவறாமல் ஓட்டுப் போடுகிறார்கள். இத்தனை வருடத்தில் நூற்றுக்கு நூறு ஓட்டை அவன் எந்தச் சேனலிலும் கண்டதில்லை. பார்த்தபோது அதை ஒரு வசதியாக எடுத்துக்கொண்டானே தவிர, ஏன் என்று கேட்கவில்லை.

வியாழனும் வெள்ளியும் துலாவை மூடிவைத்துவிட்டு, ஒரு வருடக் கருத்துகளைத் தன் கண்ணாலேயே வாசித்தான். முதல்முறையாக வாசித்தான் என்று சொல்ல வேண்டும். அதுவரை அவற்றை எண்ணித்தான் இருந்தான்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் பிடிபட்டது. 'காஜா 4' என்பவளுக்குப் பிப்ரவரியில் பிறந்தநாள். மற்றவர்கள் வாழ்த்தியிருந்தார்கள். ஏப்ரலிலும் 'காஜா 4'க்குப் பிறந்தநாள். ஜூனில் ஒன்று, ஆகஸ்டில் இரண்டு. ஒரே வருடத்தில் ஐந்து முறை பிறந்த ஒருத்தி. வாழ்த்துகளில் பெயரும் இருந்தது. பிப்ரவரியில் செல்வகனி, ஏப்ரலில் பூமயில், ஜூனில் மரியபாக்கியம். மே மாதத்தில் 'ஓவர்லாக் 19' எழுதியிருந்தாள்: இந்த மாதம் குலுக்கலில் என் பெயர் வந்துவிட்டது, போன மாதம் கட்டியவள் நிம்மதியாகத் தூங்குகிறாள்.

அவன் கம்பெனியின் ஆளெடுப்பு விளம்பரத்தைத் தேடி எடுத்தான். பாதுகாப்பான பெண்கள் விடுதி, நாற்பத்து மூன்று அறைகள், அறைக்குப் பன்னிரண்டு கட்டில். புனைபெயரில் இருந்த எண் அறை எண். பெயர் அறையுடையது, கட்டுகிறவள்தான் மாதாமாதம் மாறினாள். ஏலச்சீட்டுக் குலுக்குகிற மாதிரி பன்னிரண்டு பேரின் பெயரையும் எழுதிக் குலுக்கி, வந்தவள் அந்த மாதம் தன் பெயரில் சந்தா கட்டுவாள், ஒரே கைபேசியில் பன்னிரண்டு பேரும் பார்ப்பார்கள். அடுத்த மாதம் அடுத்தவள். ஒரு வருடம் சுற்றி வந்தால் அறைக்குப் பன்னிரண்டு சந்தாதாரர்கள். நாற்பத்து மூன்று அறைக்கும் ஐந்நூற்றுப் பதினாறு. வேலையை விட்டுப் போனவர்களைக் கழித்தாலும் நானூறு தாண்டும்.

சிவமலை கணக்கை இன்னொரு தரம் போட்டுப் பார்த்தான், மாறவில்லை. அவன் முதலில் நினைத்தது முப்பது கம்பெனியை. அப்புறம் கதவில் ஒட்டியிருந்த வாசகத்தை. அந்தப் பெண்கள் அவன் நினைப்பில் வரவே இல்லை. வந்திருந்தால் அடுத்த வேலையைச் செய்திருக்க மாட்டான். வாழ்த்துகளிலிருந்து பெயர்களைப் பொறுக்கி எடுத்தான். அறை எண்ணோடு, மாதத்தோடு, இருநூற்றுப் பதினான்கு பெயர்கள். யார் என்று சொல்வது என் வேலை இல்லை என்று அவளிடம் சொல்லி பத்து நாள்கூட ஆகவில்லை. திங்களுக்குள் இதில் நூறு பேரைக் கணக்கு முடித்தனுப்பிவிட்டால் எண் நானூறுக்குக் கீழே இறங்கிவிடும், தன் அறிக்கையும் தப்பிக்கும் என்று அவன் மனசு கணக்குப் போட்டது.

சனிக்கிழமை காலை பட்டியலைத் தாளில் அச்சடித்து எடுத்துக்கொண்டு கம்பெனிக்கு ஓடினான். தெய்வசிகாமணியின் மேஜையில் வைத்து, மூச்சு வாங்க எல்லாவற்றையும் சொன்னான். அவர் கடைசிவரை கேட்டார். தாளை மட்டும் தொடவில்லை.

"அவ உங்க ரூமுக்கு வந்தா இல்லைங்களா? போன வாரம், மத்தியானம்."

சிவமலை தாளை அவர் பக்கம் இன்னும் கொஞ்சம் நகர்த்தினான்.

"கீழ கெமிக்கல் கடைக் கேமராவுல பாத்தோம். அரை மணி நேரம் இருந்திருக்கறா. அது நடந்து இப்ப நீங்க வந்து ஐந்நூறுங்கறீங்க. இதை நம்பி நாங்க என்ன பண்ணோணும்? பயந்துட்டுத் திங்களுக்கு முன்னாடியே அவளைக் கூப்பிட்டு உக்கார வெச்சுப் பேசோணும், அதுதானே?"

இல்லை, பெயர்கள் இருக்கின்றன, ஒரு தரம் படித்துப் பாருங்கள் என்று சிவமலை கெஞ்சினான். உண்மையிலேயே கெஞ்சினான். ஒரு பெயரையாவது விடுதிப் பதிவேட்டோடு ஒத்துப் பாருங்கள் என்றான்.

"அவ எழுதிக் குடுத்த பேரை நான் வெளியே அனுப்பி, திங்கக்கெழமை அதுவே எங்க மேல கேஸாகோணுமா?" தெய்வசிகாமணி தாளை ஒரு விரலால் அவன் பக்கம் தள்ளினார். "நூத்துக்கு ஏழுக்கு மேல தப்பாதுன்னு கதவுல ஒட்டியிருக்கறீங்க. உங்க எழுத்தை நான் நம்பறேன். உங்களைத்தான் நம்பலை. எந்திரிங்க."

பட்டியலோடு வெளியே வந்தான். மின்பலகையில் 43 ஓடிக்கொண்டிருந்தது.

திங்களன்று தொழிலாளர் அலுவலகத்தில் எண்ணைத் திறந்தார்கள். நானூற்று எழுபத்து ஒன்று. அதிகாரி இரண்டு முறை வாசித்தார். மாடத்தி கை தட்டவில்லை, கத்தவில்லை. பையிலிருந்து கோரிக்கைத் தாளை எடுத்துத் தெய்வசிகாமணியின் முன்னால் வைத்துவிட்டு, நாற்காலியை இழுத்து எதிரில் உட்கார்ந்தாள்.

பேச்சு மூன்று வாரம் நடந்தது. கைப்பட்டையைக் கழற்றக் கம்பெனி ஒப்புக்கொண்டது. ஊருக்கு அனுப்பிய மூவரில் இரண்டு பேர் திரும்பி வந்தார்கள். மூன்றாமவளுக்கு அதற்குள் வீட்டில் கல்யாணம் முடித்துவிட்டார்கள். மாடத்தியின் முகத்தையே பார்த்திராதவள் அவள்தான்.

சிவமலையிடம் அதற்குப் பிறகு ஒரு கம்பெனியும் வரவில்லை. தெய்வசிகாமணி போகிற இடமெல்லாம், அவள் பக்கம் விலைபோய் வேண்டுமென்றே குறைத்து எழுதியவன் என்று சொல்லிவைத்தார். விளம்பரக்காரர்கள் நின்றார்கள். பங்காளிச் சண்டைக்காரர்கள்கூட வேறு ஆளைத் தேடிப் போனார்கள். இரண்டு மாதம் கழித்து, அறையைக் காலி செய்ய ஆள் பிடிக்கப் போன வழியில், கம்பெனிக்கு எதிரே இருந்த டீக்கடையில் நின்றான். காலை ஷிப்ட் மாறுகிற நேரம். பெண்கள் கும்பலாக வெளியே வந்துகொண்டிருந்தார்கள். மணிக்கட்டுகளில் பட்டை இருந்த இடம் மட்டும் வெளுத்துக் கிடந்தது.

அவன் டீக்குக் காசு எடுத்தபோது ஒரு பெண் குறுக்கே வந்து தான் கொடுப்பதாகச் சொன்னாள். பதினெட்டு, பத்தொன்பது வயதிருக்கும்.

"நீங்க சிவமலையண்ணன்தானே? எங்க ரூம்ல எல்லாரும் உங்களப் பத்திப் பேசுவாங்கண்ணா. உண்மை தெரிஞ்சும் எங்களுக்காகக் கொறச்சு எழுதிக் குடுத்தீங்களாமே. அதனாலதான உங்க தொழில் போச்சு?"

அவன் இல்லை என்று சொல்ல வாயெடுத்தான். அவளுக்குப் பின்னால் மாடத்தி நின்றுகொண்டிருந்தாள். அவள் அந்தப் பெண்ணிடம், போய்த் தோழிகளையும் கூப்பிட்டு வா என்று அனுப்பினாள். பிறகு அவன் பக்கத்தில் வந்து, யாருக்கும் கேட்காத குரலில் பேசினாள்.

"நீங்க பட்டியல் கொண்டு போனது எனக்குத் தெரியும். பேச்சுவார்த்தையில ஒரு நாள் ஆத்திரத்துல அந்தாளே கக்கிட்டாரு. இருநூத்துப் பதினாலு பேரு. இப்ப டீ வாங்கிக் குடுத்தாளே, அவ பேரு பூமயில்."

ஏப்ரல், காஜா 4. சிவமலைக்கு அந்த வரி தாளில் எந்த இடத்தில் இருந்தது என்பதுகூட நினைவுக்கு வந்தது. அவமானம் காதுவரை சுட்டது. இவர்களிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டான்.

"வெளிய ஒரு ஆம்பளை, படிச்சவன், நம்ம பக்கம் நின்னான்னு நெனைக்குதுங்க. அது இதுங்களுக்கு ஒரு தைரியம். இன்னும் முப்பது கம்பெனி கெடக்கு, அந்தத் தைரியம் எனக்கு வேணும். அதுக்காகத்தான் சொல்லல. உங்களுக்காக இல்ல."

அதற்குள் பூமயில் ஏழெட்டுப் பெண்களோடு வந்துவிட்டாள். அண்ணனோடு ஒரு போட்டோ எடுத்துக்கொள்ள வேண்டும் என்றார்கள். அவனை நடுவில் நிறுத்தி இரண்டு பக்கமும் நெருங்கி நின்றார்கள். யாரோ ஒருத்தி அவன் கையில் சூடான போண்டா ஒன்றைத் திணித்தாள். யார் எடுப்பது என்று பார்த்தார்கள். மாடத்தி கை நீட்டி கைபேசியை வாங்கிக்கொண்டாள். நாலடி பின்னால் போய், அவன் முகத்துக்கு நேராகப் பிடித்தாள்.

"சிரிங்க அண்ணாச்சி" என்றாள்.

அவன் சிரித்தான்.